டெட்ரிஸும் ஆமுக்தமால்யதாவும்

1984-ல மாஸ்கோவுல அலெக்ஸி பஜித்னோவ் உருவாக்கின டெட்ரிஸ்ல, ஒரு வரிசை நிரம்பினா மறைஞ்சிடும். இந்த ஆட்டத்தைப் பத்தி யாரோ எழுதினதைச் சுட்டு, சொல்லுக்குச் சொல் வேற வார்த்தை போட்டு, சொந்தச் சரக்கா ஆக்கினா என்னாகும்? 'வரிசை' 'சீர்' ஆயிடும். ஆட்டத்துக்குள்ள கல்யாணச் சீர் வந்து நிக்கும் :)

வேற சொல்லுல சொல்றது தப்பில்லீங்க. ஸ்ரீவில்லிபுத்தூர் ஆண்டாள் கதையை 16-ம் நூற்றாண்டுல கிருஷ்ணதேவராயர் தெலுங்குக் காவியமா பாடினார். பேரு 'ஆமுக்தமால்யதா'. ஆமுக்த - சூடிய, மால்ய - மாலை, த - கொடுத்தவள். நம்ம 'சூடிக் கொடுத்தவள்'தான்! அதைத் தமிழுக்குத் திரும்பக் கொண்டுவந்தவர், பக்கத்து ஊர் ராஜபாளையத்து மு.கு.ஜகந்நாத ராஜா.

கதை புரிஞ்சு மாத்தினதால, அத்தனை சொல்லும் மாறியும் பொருள் அப்படியே நிக்குது. யாரோட கதைங்கறதும் தலைப்புலயே இருக்கு. டெட்ரிஸ் பத்தி எழுதறவங்களும் முதல்ல ஒரு ஆட்டம் ஆடிட்டு எழுதலாமே!