கதை கட்டிக் கவிழ்த்த சர்க்கார்

வல்லரசு என்றவுடன் நமக்குக் கப்பல் படையும் அணுகுண்டும்தான் ஞாபகத்துக்கு வருகின்றன. தான் சொல்லும் கதையைப் பிறரை நம்பவைக்கிற சக்தி அவற்றைவிடப் பெரிய பலம் என்பது என் அபிப்பிராயம். கதை எழுதிப் பிழைக்கிறவன் நான். ஆகையால் இந்த விஷயத்தில் எனக்குக் கொஞ்சம் தொழில் சம்பந்தமான அக்கறையும் உண்டு. 1954-ம் ஆண்டில் மத்திய அமெரிக்காவிலுள்ள குவாத்தமாலா என்ற சிறு நாட்டில் அமெரிக்கா நடத்திய காரியத்தை அந்தக் கண்ணோடுதான் பார்க்கிறேன்.

காப்பியும் வாழையும் விளைகிற நாடு அது. மண்ணில் பாடுபடுகிறவர்களில் பெரும்பாலோர் மாயா வம்சத்து ஏழைகள். நிலத்தில் நூற்றுக்கு எழுபது பங்குக்கு மேல், நூற்றுக்கு இரண்டு பேர் கையில் இருந்தது. எல்லோரையும்விடப் பெரிய நிலச்சுவான்தார், யுனைடெட் புரூட் கம்பெனி என்ற அமெரிக்க வாழைப்பழக் கம்பெனி. நாட்டின் ரயில்பாதையும், ப்வேர்ட்டோ பாரியோஸ் துறைமுகமும் அதன் பிடியில்தான் இருந்தன.

1944-ல் ஜனங்கள் கிளர்ந்தெழுந்து சர்வாதிகார ஆட்சியை ஒழித்தார்கள். பிறகு அரேவலோ என்ற தத்துவப் பேராசிரியர் ஜனாதிபதியானார். அவருக்குப் பின் தேர்தலில் வென்று 1951-ல் பதவிக்கு வந்தவர் ஹாகோபோ ஆர்பென்ஸ் என்ற ராணுவ அதிகாரி. 1952 ஜூனில் அவர் ஒரு நிலச் சட்டம் கொண்டுவந்தார். பெரிய பண்ணைகளில் சாகுபடி செய்யாமல் போட்டுவைத்த நிலத்தை எடுத்து நிலமற்றவர்களுக்குக் கொடுப்பது. நஷ்ட ஈட்டுக்கு இருபத்தைந்து வருஷக் கடன் பத்திரம் தருவது. ஜனாதிபதியின் சொந்த நிலமும் இந்தச் சட்டத்துக்குத் தப்பவில்லை. சுமார் ஒரு லட்சம் குடும்பங்களுக்கு நிலம் கிடைத்தது.

நஷ்ட ஈட்டை எப்படிக் கணக்கிடுவது? வரி கட்டுவதற்காக நிலத்தின் சொந்தக்காரரே எழுதிக் கொடுத்த மதிப்பின்படி என்றது சட்டம். கம்பெனி ஏக்கருக்குச் சுமார் மூன்று டாலர் என்று எழுதிக் கொடுத்திருந்தது. அந்தக் கணக்கில் சர்க்கார் 6,27,572 டாலர் தர முன்வந்தது. கம்பெனிக்காக அமெரிக்க வெளிநாட்டு இலாகாவே வக்காலத்து வாங்கி 1,58,54,849 டாலர் கேட்டது. அதாவது ஏக்கருக்கு எழுபத்தைந்து டாலர். வரி கட்டும்போது மூன்று, விலை வாங்கும்போது எழுபத்தைந்து!

வெளிநாட்டு மந்திரியாக இருந்தவர் ஜான் பாஸ்டர் டல்லஸ். முன்பு அவர் வேலை பார்த்த வக்கீல் ஸ்தாபனத்துக்கு இந்தக் கம்பெனி ஒரு கட்சிக்காரர். அவருடைய தம்பி ஆலன் டல்லஸ் உளவு ஸ்தாபனமான சி.ஐ.ஏ.யின் தலைவர். இதை வைத்து, எல்லாம் வாழைப்பழத்துக்காகத்தான் என்று முடித்துவிடலாம். எனக்கு அது போதவில்லை. ஆர்பென்ஸ் வீழ்ந்த சில தினங்களுக்குள், 1954 ஜூலையில், இதே கம்பெனியின் மீது அமெரிக்க சர்க்கார் ஏகபோக வியாபாரக் குற்றத்துக்காக வழக்குத் தொடுத்தது. கம்பெனியின் லாபத்தைவிடப் பெரிதாக வாஷிங்டனுக்கு ஒன்று உறுத்தியது: தன் கொல்லைப்புறம் என்று அது எண்ணியிருந்த இடத்தில் ஒரு சிறு நாடு உத்தரவு கேட்காமல் காரியம் செய்துவிட்டது.

கம்யூனிஸ்டுகளே இல்லையா என்றால், இருந்தார்கள். ஆர்பென்ஸுக்கு அவர்களோடு சிநேகம் உண்டு. நிலச் சட்டத்திலும் அவர்களுக்குப் பங்கு உண்டு. ஆனால் பாராளுமன்றத்தில் அவர்கள் நாலே பேர். அமெரிக்கா பல வருஷங்களாக ஆயுதம் விற்க மறுத்ததால், ஆர்பென்ஸ் செக்கோஸ்லோவாகியாவில் ஆயுதம் வாங்கினார். அது 1954 மே மாதம் கப்பலில் வந்து இறங்கியது. கதைக்கு வேண்டிய சாட்சி கிடைத்துவிட்டது.

அதற்குள் கதை சொல்லவும் ஆரம்பித்திருந்தார்கள். மே முதல் தேதியிலிருந்து 'விடுதலைக் குரல்' என்றொரு வானொலி பேசிக்கொண்டிருந்தது. குவாத்தமாலாவின் காட்டுக்குள்ளிருந்து புரட்சி வீரர்கள் பேசுவதாகச் சொல்லிக்கொண்டது. உண்மையில் பேச்சைப் பதிவு செய்தது மியாமி நகரத்தில். ஒலிபரப்பியது பக்கத்து நாடான நிகராகுவாவிலிருந்து. ஜூன் 18-ந் தேதி காஸ்டில்லோ அர்மாஸ் என்ற பழைய கர்னல் சுமார் 480 பேரோடு ஹாண்டுராஸ் எல்லையைத் தாண்டி வந்தான். குவாலான் என்ற ஊரில் முப்பது சிப்பாய்கள் அவனுடைய ஆட்களில் ஒரு பிரிவை எதிர்த்து நின்று விரட்டினார்கள். ப்வேர்ட்டோ பாரியோஸிலும் அவர்களுக்குத் தோல்வியே. வானொலியிலோ பெரும் படைகள் தலைநகரை நோக்கி வந்துகொண்டே இருந்தன! அமெரிக்கா கொடுத்த சில விமானங்கள் தலைக்கு மேல் பறந்து அந்தப் பொய்க்கு இடிமுழக்கம் சேர்த்தன.

குவாத்தமாலா ஐக்கிய நாடுகள் சபையிடம் முறையிட்டது. அந்த மாதம் பாதுகாப்புச் சபையின் தலைமைப் பீடத்தில் அமர்ந்திருந்தவர் அமெரிக்கப் பிரதிநிதி. ஜூன் 25-ந் தேதி, விவாதத்துக்கு எடுத்துக்கொள்ள வேண்டாமென்று ஐந்துக்கு நாலு வோட்டில் முடிவாயிற்று.

அர்மாஸின் படையைக் கண்டு ராணுவ அதிகாரிகள் பயப்படவில்லை. இவனைத் தோற்கடித்தால் பின்னால் அமெரிக்கப் படையே வந்துவிடும் என்றுதான் பயந்தார்கள், சண்டையிட மறுத்தார்கள். ஜூன் 27-ந் தேதி ஆர்பென்ஸ் ராஜினாமா செய்தார். கப்பல் படையும் அணுகுண்டும் வெளியே எடுக்கப்படாமலே வேலை செய்துவிட்டன. 1956-ல் ஹங்கேரியை அடக்க ரஷ்யா டாங்கிகளை வீதியில் ஓட்டி உலகத்தின் நிந்தனைக்கு ஆளாயிற்று. அமெரிக்கா இங்கே அந்தச் சிரமத்தைக்கூடப் பட்டுக்கொள்ளவில்லை. இரண்டும் அடுத்தவன் வீட்டுக் கதவை உடைத்த காரியந்தான்.

பிறகு சி.ஐ.ஏ. ஆட்கள் ஆர்பென்ஸ் சர்க்காரின் காகிதங்களைக் குவியல் குவியலாகப் புரட்டினார்கள். மாஸ்கோதான் ஆட்டிவைத்தது என்று நிரூபிக்க ஆசை. அப்படி நிரூபிக்கும்படியாக ஒன்றும் சிக்கவில்லை.

அந்த ஊர் நாவலாசிரியர் அஸ்டூரியாஸ் நாடு கடந்து வாழ நேர்ந்தது. இந்தப் படையெடுப்பை வைத்து 1956-ல் கதைகள் எழுதி வெளியிட்டார். 1967-ல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. அவர் தம்முடையதைக் கதை என்று சொல்லித்தான் விற்றார். வாஷிங்டன் தன் கதையைச் செய்தி என்று சொல்லி விநியோகித்தது.

1960 முதல் 1996 வரை அங்கே உள்நாட்டு யுத்தம். இரண்டு லட்சம் பேர் மாண்டார்கள், அல்லது காணாமற்போனார்கள். பெரும்பாலோர் மாயா மக்கள். அந்தக் கொடுமைகளில் நூற்றுக்குத் தொண்ணூற்று மூன்று, அரசுப் படைகளும் அவற்றின் துணைப் படைகளும் செய்தவை என்று 1999-ல் உண்மை அறியும் கமிஷன் கூறியது. அப்படிப்பட்ட படைகளுக்கு ஆதரவு கொடுத்தது தவறு என்று அதே ஆண்டில் ஜனாதிபதி கிளிண்டன் ஒப்புக்கொண்டார். 2011-ல் குவாத்தமாலா அரசு ஆர்பென்ஸ் குடும்பத்தாரிடம் மன்னிப்புக் கேட்டது. ஆர்பென்ஸ் 1971-லேயே மெக்ஸிகோவில் இறந்துபோயிருந்தார். அவர் பங்கிட்டுக் கொடுத்த நிலத்தில் பெரும்பகுதியை உழவர்களிடமிருந்து அர்மாஸ் ஆட்சி அன்றே பிடுங்கிப் பழைய சொந்தக்காரர்களிடம் சேர்த்துவிட்டது. நிலத்தை இழந்த அந்தக் குடும்பங்களிடம் யார் மன்னிப்புக் கேட்பது?