கல்லெழுத்து படித்த தமிழாசிரியர்

பிழைப்புக்கு ஒரு தொழில், உயிருக்கு வரலாறு என்று வாழ்ந்தவர்கள் தமிழ்நாட்டில் பலர். திருச்சியில் கண் மருத்துவம் பார்த்துக்கொண்டே குடைவரைக் கோயில்களை ஆராய்ந்து நூல் நூலாக எழுதிய இரா. கலைக்கோவன் நமக்குத் தெரிந்தவர். அவருக்கு முந்திய தலைமுறையில் பள்ளிக்கூடத் தமிழாசிரியர் ஒருவர் இதே வழியில் நடந்திருக்கிறார். அவர் தி. வை. சதாசிவ பண்டாரத்தார். கடலூர்ப் பகுதிக் கல்வெட்டுகளைப் பேசவந்த நாம் அவரைத் தாண்டிப் போக முடியாது.

கும்பகோணத்துக்கு அருகே திருப்புறம்பியத்தில் 1892இல் பிறந்தார். பல்லவருக்கும் பாண்டியருக்கும் பெரும்போர் நடந்து, சோழர் தலையெடுக்க வழி பிறந்த ஊர் அது. கும்பகோணம் பாணாதுறை உயர்நிலைப் பள்ளியில் கால் நூற்றாண்டு தமிழ் கற்பித்தார். கல்வெட்டு ஆண்டறிக்கைகளையும் கோயில் சுவர்களையும் படித்துப் படித்துத் தானே வரலாற்றாசிரியர் ஆனார். ‘முதற் குலோத்துங்க சோழன்’ 1930இல் வெளிவந்தது. 1942இல் அண்ணாமலைப் பல்கலைக்கழகம் அழைக்க, சிதம்பரம் வந்து சேர்ந்தார்.

சிதம்பரத்தில்தான் அவருடைய பெரும்பணி நிறைவேறியது. சோழர் வரலாற்றை நீலகண்ட சாஸ்திரி 1930களில் ஆங்கிலத்தில் எழுதி முடித்திருந்தார். ஆங்கிலம் அறியாத தமிழனுக்குத் தன் முன்னோரின் கதை எட்டாமல் இருந்தது. பண்டாரத்தாரின் ‘பிற்காலச் சோழர் சரித்திரம்’ முதற்பகுதி 1949இலும் இரண்டாம் பகுதி 1951இலும் பல்கலைக்கழக வெளியீடாக வந்து அந்தக் குறையைத் தீர்த்தன. ஆட்சிமுறையைச் சொல்லும் மூன்றாம் பகுதி 1961இல்தான் அச்சேறியது. அதைப் பார்க்க அவர் இல்லை. 1960 ஜனவரியில் காலமாகிவிட்டார்.

சாஸ்திரியாரை மதித்தவர்தான், அதற்காக அவர் சொன்னதையெல்லாம் ஏற்றுக்கொள்ளவில்லை. காட்டுமன்னார்கோயிலை ஒட்டிய உடையார்குடியில் அனந்தீசுவரர் கோயில் இருக்கிறது. அதன் சுவரிலுள்ள கல்வெட்டு ஒன்றைத் தொல்லியல் துறையினர் 1920இல் படியெடுத்தார்கள். ராஜராஜனின் அண்ணன் ஆதித்த கரிகாலனைக் கொன்ற சோமன், ரவிதாசனான பஞ்சவன் பிரமாதிராஜன், பரமேசுவரனான இருமுடிசோழப் பிரமாதிராஜன் என்று கொலையாளிகளைப் பெயர் சொல்லிக் காட்டுகிறது அது. ராஜராஜனின் இரண்டாம் ஆட்சியாண்டு. துரோகிகளின் சொத்து மட்டுமல்ல, பெண் கொடுத்தவர், பெண் எடுத்தவர் என்று உறவினர் சொத்தும் பறிமுதல். ஆணை போனது வீரநாராயண சதுர்வேதிமங்கலத்துச் சபைக்கு.

கொலை நடந்தது 969 வாக்கில். அதன்பின் 985 வரை ஆண்ட உத்தம சோழன் ஏன் தண்டிக்கவில்லை? அவனுக்கும் இதில் பங்குண்டு என்று சந்தேகித்தார் சாஸ்திரி. கல்வெட்டு சொல்லாத பழியை அரசன் தலையில் ஏற்றக்கூடாது என்பது பண்டாரத்தார் கட்சி. எனக்கும் அதுவே நியாயமாகப் படுகிறது. உத்தமனின் மகன் மதுராந்தகன் கண்டராதித்தனைக் கோயில் காரியங்களை விசாரிக்கும் பெரிய பொறுப்பில் வைத்திருந்தவன் ராஜராஜன். அண்ணனைக் கொல்வித்தவன் பிள்ளைக்கு அந்த இடம் கிடைத்திருக்குமா?

முதற்பகுதி வெளிவந்த மறுவருடம், 1950இல், கல்கி தன் நாவலில் அதே வீரநாராயண ஏரிக்கரையில் வந்தியத்தேவனைக் குதிரையில் கொண்டுவந்து நிறுத்தினார். நாவலைப் படித்தவர்கள் லட்சக்கணக்கில் இருக்கிறார்கள். அவர்களில் எத்தனை பேர் உடையார்குடிச் சுவரைப் போய்ப் பார்த்திருப்பார்கள் என்று நினைத்தால் வருத்தமாக இருக்கிறது. சிதம்பரத்திலிருந்து பஸ்ஸில் போய்ப் பார்த்துவிட்டு அன்றே திரும்பிவிடலாம்.

இரண்டாம் பகுதியில் கடலூர்க்காரர்களுக்கு இன்னும் நெருக்கமான செய்தி உண்டு. 1231இல் காடவர்கோன் கோப்பெருஞ்சிங்கன், மூன்றாம் ராஜராஜனையே சேந்தமங்கலத்தில் சிறைவைத்தான். சோழனை மீட்க ஹொய்சள நரசிம்மன் அனுப்பிய தண்டநாயகர்கள் அப்பண்ணனும் சமுத்திர கோப்பய்யனும் பொன்னம்பலத்தில் கும்பிட்டுவிட்டுத் திருப்பாதிரிப்புலியூரில் தண்டு இறங்கினார்கள். வழியிலிருந்த ஊர்களை அழித்துக்கொண்டு மேலே போனார்கள். இன்று ரயிலுக்கு நாம் காத்திருக்கும் அதே திருப்பாதிரிப்புலியூர்தான். இத்தனையையும் சொல்வது கடலூரை அடுத்த திருவந்திபுரம் பெருமாள் கோயில் கல்வெட்டு. அரசன் சிறைப்பட்ட அவமானத்தைக்கூட மறைக்காமல் அந்தக் கல்வெட்டை வைத்தே எழுதியிருக்கிறார் பண்டாரத்தார்.

அந்தச் சிறை இருந்த சேந்தமங்கலத்துக்கு அடுத்த வாரம் போவோம்.