காலி வீடும் அடுத்த பெயரும்

டெர்ரேரியா என்றொரு வீடியோ கேம் 2011இல் வெளிவந்தது. மண்ணைத் தோண்டி, மரம் வெட்டி, சுவர் எழுப்பி, ஆடுகிறவரே தமக்கான உலகைக் கட்டிக்கொள்ளும் ஆட்டம் அது. இவ்வகை ஆட்டங்களை ‘சாண்ட்பாக்ஸ்’ என்கிறார்கள். நம் பெண்பிள்ளைகள் ஆற்றுமணலில் சிற்றில் கட்டி விளையாடியதைப் பிள்ளைத்தமிழ் ஒரு பருவமாகவே வைத்திருக்கிறது. ஆகவே இதில் நமக்குப் புதிதென்று சொல்ல அதிகம் இல்லை. இந்த ஆட்டத்தில் ஊர்மக்களுக்கு இருக்கும் விதிதான் என்னை நிறுத்தியது.

ஊர் தானாக நிறைவதில்லை. ஒவ்வொருவருக்கும் ஒரு வீடு கட்டவேண்டும். சுவர்களையும் சேர்த்துக் குறைந்தது 60 கட்டப் பரப்பு, பின்சுவர், கதவு, விளக்கு, ஒரு மேசை, ஒரு நாற்காலி. இவற்றில் ஒன்று குறைந்தாலும் அது வீடில்லை. யாரும் குடிவர மாட்டார்கள். எல்லாம் சரியாக இருந்து, அவரவருக்கான நிபந்தனையும் நிறைவேறினால் வணிகர் வருவார், நர்ஸ் வருவாள். சிலரைத் தேடிப்போய் மீட்க வேண்டும். மெக்கானிக் என்ற பெண் நிலவறைக்குள் கட்டுண்டு கிடப்பாள். முடிதிருத்தும் பெண் சிலந்திக் குகையில் வலைக்குள் சிக்கியிருப்பாள்.

இரவில் பேய்கள் தாக்கி நர்ஸ் இறந்துபோனால் என்ன செய்வது? ஒன்றும் செய்யவேண்டாம். வீடு காலியாக இருந்தால் போதும், சில நாளில் நர்ஸ் வந்துவிடுவாள். அதே உடை, அதே வேலை, காசு வாங்கிக்கொண்டு காயத்தை ஆற்றும் அதே கை. பெயர் மட்டும் வேறாக இருக்கும். திரும்பி வந்தவள் போனவள் இல்லை. ஆடுகிறவர்கள் இதைப் பெரிதாகக் கவனிப்பதில்லை. அவர்களுக்கு வேண்டியது நர்ஸ். அவள் பெயர் என்னவானால் என்ன?

இதே விதியை நான் முன்பே கல்லில் படித்திருக்கிறேன்.

தஞ்சைப் பெரிய கோயிலில் முதலாம் இராசராசனின் 29ஆம் ஆட்சியாண்டைச் சேர்ந்த நீண்ட கல்வெட்டு ஒன்று உண்டு. கி.பி. 1014ஐ ஒட்டியது, தென்னிந்தியக் கல்வெட்டுகள் இரண்டாம் தொகுதியில் 66ஆம் எண். சோழநாட்டுக் கோயில்கள் பலவற்றிலிருந்து கொண்டுவந்து குடியமர்த்திய 400 தளிச்சேரிப் பெண்டுகளின் பட்டியல் அது. திருவாரூரிலிருந்து வந்தவர்கள் உண்டு, பழையாறையிலிருந்து வந்தவர்கள் உண்டு, நாகப்பட்டினத்திலிருந்து வந்தவர்கள் உண்டு. கோயிலைச் சுற்றித் தெருக்கள் அமைத்து, சிறகு சிறகாக வீடுகளை வகுத்து, தலைவீடு, இரண்டாம் வீடு, மூன்றாம் வீடு என்று எண்ணிக்கொண்டே போகிறது கல். வீட்டுக்கு ஒரு பெண், பெண்ணுக்கு ஒரு பங்கு. பங்கு என்பது ஒரு வேலி நிலத்தின் விளைவான 100 கலம் நெல். நட்டுவர், பாடுவார், இசைக்கருவி வாசிப்பார், தையற்காரர், தச்சர், குயவர், வண்ணார், நாவிதர் எனப் பிற பணியாளர்களும் அதே கல்வெட்டில் பங்கு பெறுகிறார்கள். ஒரு பேரரசன் காலி மனையில் ஊர் ஒன்றை முழுதாக எழுப்பி ஆட்களை நிரப்பிய கணக்கு இது.

அதன் பிறகு விதி வருகிறது. பங்கு பெற்றவரில் யாரேனும் இறந்தாலும் வேறு நாட்டுக்குப் போனாலும், அவருக்கு அடுத்த உறவினர் அந்தக் காணியைப் பெற்று அந்தப் பணியைச் செய்யவேண்டும். உறவினருக்குத் தகுதி இல்லையென்றால் தகுதியான வேறு ஆளை அவர் நிறுத்தவேண்டும். உறவே இல்லையென்றால் பணியிலிருக்கும் மற்றவர்கள் தகுதியானவரைத் தேர்ந்துகொள்ள வேண்டும். இப்படி ஆள் மாறுவதற்குக் கல்வெட்டு வைத்திருக்கும் சொல் ‘தலைமாறு’. வீடு நிற்கும், பங்கு நிற்கும், பணி நிற்கும், தலை மட்டும் மாறும். முதலில் குடியேறிய 400 பேரின் பெயர்களைப் பொறுமையாக வெட்டிய அந்தக் கல்லில், தலைமாறி வந்தவர்களுக்கு இடமில்லை. முதல் ஆளுக்குப் பெயர். அடுத்த ஆளுக்கு விதி.

இந்த 400 பேரையும் அடிமைகள் என்று ஒரே வரியில் முடித்துவிடுவது எளிது. தேவதைகள் என்று மெச்சிவிடுவது அதைவிட எளிது. இரண்டும் அவர்களைப் பாத்திரங்களாகவே வைத்திருக்கும். கல்வெட்டு காட்டுவது வேறு. அங்கே ஒரு பெண் இன்னாரின் மகள், இன்னாரின் மனைவி என்று அறியப்படவில்லை. இன்ன ஊர், இன்ன கோயிலைச் சேர்ந்த இன்னாள் என்றே அறியப்படுகிறாள். சோழர்காலக் கோயில் பெண்களைப் பற்றி 2000இல் நூலெழுதிய லெஸ்லி ஓர், தஞ்சை ஏற்பாடு விதிவிலக்கானது என்கிறார். மற்ற ஊர்களில் கோயில் பெண்கள் பெரும்பாலும் அரசன் கொண்டுவந்து நிறுத்தியவர்கள் அல்லர். தாமே பொன்னும் நிலமும் கொடையளித்து, அதன்வழி கோயிலில் தமக்கான இடத்தைப் பெற்றவர்கள். ஆடுகிறவர் கட்டிய வீட்டில் குடிவந்தவளுக்கும், தன் கைப்பொருளால் இடம் பிடித்தவளுக்கும் உள்ள தொலைவு இது. வரலாறு எழுதும்போது இந்தத் தொலைவைத் தவறவிட்டால் நாமும் பொம்மைதான் செய்கிறோம்.

வீட்டையும் வேலையையும் ஒரே முடிச்சாகக் கட்டிய ஏற்பாடு நீண்டகாலம் நின்றது. அந்த முடிச்சில் சட்டம் கை வைத்தது 1929இல். கோயில் பணிக்காகத் தேவதாசியர் அனுபவித்துவந்த மானிய நிலங்களை, பணி என்ற நிபந்தனை இல்லாமல் அவர்களுக்கே உரியதாக்கும் திருத்தம் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியின் முயற்சியில் சென்னை மாகாணத்தில் நிறைவேறியது. பொட்டுக்கட்டுவதைத் தடைசெய்யும் சட்டம் 1947இல்தான் வந்தது. இடையில் 1936இல் மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் தாமறிந்த வாழ்க்கையை நாவலாக்கினார். முதலில் நிலத்தை விடுவித்து, பிறகு வழக்கத்தை ஒழித்த அந்த வரிசை முக்கியமானது. வேலையை விட்டாலும் வீட்டை விடவேண்டியதில்லை என்று ஒரு பெண்ணிடம் சொல்வது சிறிய காரியமா? ஆனாலும் கணக்கு நேராகவில்லை. அந்தக் குடும்பங்களில் பெண்வழியாக இறங்கிய சொத்துரிமையும் அதிகாரமும் சீர்திருத்தத்துக்குப் பின் ஆண்கள் பக்கம் சாய்ந்ததை அம்ரித் ஸ்ரீனிவாசன் 1985இல் எழுதிய கட்டுரையில் காட்டியிருக்கிறார். வீட்டின் பேரில் தலைமாறியது. இம்முறை வந்த தலை ஆணுடையது.

நான் இருக்கும் விருத்தாசலம் பீங்கான் ஊர். இங்கே பொம்மை செய்வதற்கு முதலில் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸில் அச்சு வேண்டும். அச்சுக்குள் களிமண் குழம்பை ஊற்றினால் அச்சு நீரை உறிஞ்சிக்கொள்ளும். ஓரத்தில் மண் படியும். மீதியைக் கவிழ்த்துவிட்டு, இறுகியதும் பிரித்தெடுத்து, பொருத்துவாயின் பிசிறை ஈரப் பஞ்சால் துடைத்துச் சூளைக்கு அனுப்புவார்கள். பிசிறு துடைக்கும் கைகளும் வண்ணம் வைக்கும் கைகளும் பெரும்பாலும் பெண்களுடையவை. குடமேந்திய பெண் ஒன்று உடைந்தால் அதே அச்சில் இன்னொன்று வரும். பொம்மைக்கு அது போதும். பிசிறு துடைத்தவள் நின்றுபோனால் அந்த இடத்துக்கு இன்னொருத்தி வருவாள். அதுவும் போதும் என்றுதான் நடக்கிறது.

எங்கள் பழமலைநாதர் கோயிலைக் கல்லில் எடுப்பித்தவள் செம்பியன் மாதேவி. பத்தாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் நடந்த வேலை. அரசி என்பதால் அவள் பெயர் கல்லில் நின்றது. அதே கோயிலின் அர்த்தநாரீசுவரர் சிலை களவுபோய், நியூயார்க் வணிகர் சுபாஷ் கபூர் வழியாக 2004இல் சிட்னியிலுள்ள நியூ சௌத் வேல்ஸ் கலைக்கூடத்துக்கு விலைபோனது. 2014 செப்டம்பரில் ஆஸ்திரேலியப் பிரதமர் டோனி அபாட் அதை டில்லியில் இந்தியாவிடம் ஒப்படைத்தார். புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனத்தின் பழைய புகைப்படங்கள் அடையாளம் காண உதவின. பாதிப் பெண்ணான அந்தக் கல் திரும்ப முடிந்ததற்குக் காரணம், அது எந்த ஊரில் எந்தக் கோயிலில் நின்றது என்று யாரோ ஒருவர் பதிவுசெய்து வைத்திருந்ததுதான். அதே வடிவில் வேறொரு சிலை இருக்கிறதே என்று யாரும் சமாதானம் சொல்லவில்லை. இந்தச் சிலைதான் வேண்டும் என்றார்கள். இந்தப் பிடிவாதத்தை நாம் மனுஷிகளுக்குக் காட்டுவதில்லை.

தமிழில் இல்லாள் என்றால் வீட்டுக்கு உரியவள். இல்லான் என்றால் ஒன்றும் இல்லாதவன். சொல்லில் வீடு பெண்ணுடையது. புழக்கத்தில் ‘வீட்டுக்காரர்’ என்றால் வீட்டின் சொந்தக்காரரும் கணவரும் ஒருவரே. வாடகைக்கு வீடு தேடி நான் இந்த ஊர்த் தெருக்களில் நடந்த நாளில் முதல் கேள்வி எப்போதும் ஒன்றுதான்: “உங்க வீட்டுக்காரர் என்ன பண்றாரும்மா?” அதற்கு என்னிடம் பதில் இல்லாததால் மூன்று சாவிகள் திரும்ப ஆணிக்குப் போயின. மேசையும் நாற்காலியும் விளக்கும் கதவும் கேட்கும் ஆட்டம், குடிவருகிறவளிடம் கணவனைக் கேட்பதில்லை, சாதியையும் கேட்பதில்லை. அந்த அளவில் அது நம் தெருவைவிட மேல். ஆனால் அங்கேயும் அவள் பேரில் பட்டா இல்லை. கட்டியவர் நினைத்தால் சுவரை இடித்துவிடலாம்.

பெண்களை வரலாற்றுக்குள் திரும்பக் கொண்டுவருவது என்று நாம் அடிக்கடி பேசுகிறோம். சோழர்காலத்து ஆடல்மகள், சீர்திருத்தக்காரி, உழைக்கும் பெண் என்று பாத்திரங்களுக்கு ஆள் நிரப்பினால் அது தலைமாறுதான். தஞ்சைக் கல் 400 முறை செய்த முதல் காரியத்தைத்தான் நாம் செய்யவேண்டும்: இன்ன தெரு, இன்ன சிறகு, இத்தனையாவது வீடு, இன்ன ஊரிலிருந்து வந்த இன்னாள். அவளுக்கு அடுத்து வந்தவளுக்கும் அதே அளவு இடம். அதோடு, கல் செய்யாத ஒன்றும் உண்டு. ஆடாவிட்டாலும் பாடாவிட்டாலும் பிசிறு துடைக்காவிட்டாலும் அந்த வீடு அவளுடையதாக இருக்கவேண்டும்.