ஐயாயிரம் ரூபாய் வரம்பு: காசோலைக் குற்றத்தில் தண்டனை உருமாறிய வரலாறு

போடிநாயக்கனூர் ஏலக்காய் வியாபாரி கேரளத்தின் வண்டன்மேட்டுத் தோட்டக்காரருக்குக் கொடுத்த காசோலை பணமில்லாமல் திரும்பினால், வழக்கை எந்த ஊர்க் கோர்ட்டில் போடுவது? கொழிஞ்சாம்பாறைக்கும் பொள்ளாச்சிக்கும் இடையிலான கொடுக்கல் வாங்கலிலும் இதே கேள்விதான். 1999 முதல் 2015 வரை இதற்கு மூன்று வெவ்வேறு விடைகள் கிடைத்தன. என்ன தண்டனை கொடுப்பது என்ற கேள்வி அதைவிடச் சிக்கலானது. இரண்டிலும் கேரளத்திலிருந்து உச்ச நீதிமன்றத்துக்குப் போன வழக்குகளின் பங்கு பெரிது.

1989க்கு முன் செக் திரும்பினால் சிவில் வழக்குப் போடலாம். அல்லது மோசடி என்று இந்திய தண்டனைச் சட்டத்தின் 420ஆம் பிரிவில் புகார் கொடுக்கலாம். புகார் நிற்க வேண்டுமானால், கொடுக்கும்போதே ஏமாற்றும் எண்ணம் இருந்ததை நிரூபிக்க வேண்டும். பெரும்பாலான வழக்குகள் அங்கேயே சாய்ந்தன. 1881ஆம் ஆண்டின் மாற்றுமுறை ஆவணச் சட்டத்தில் 1988 திருத்தம் சேர்த்த 138ஆம் பிரிவு 1989 ஏப்ரல் 1 முதல் அமலானது. உள்நோக்கத்தை நிரூபிக்கும் சுமை நீங்கியது. தண்டனை ஓராண்டு வரை சிறை, அல்லது காசோலைத் தொகையின் இருமடங்கு வரை அபராதம், அல்லது இரண்டும்.

ஆனால் வழக்கை விசாரிக்கும் முதல் வகுப்பு மாஜிஸ்திரேட் அன்றைய குற்றவியல் நடைமுறைச் சட்டப்படி ஐயாயிரம் ரூபாய்க்கு மேல் அபராதம் விதிக்க முடியாதிருந்தது. இருமடங்கு என்று ஒரு சட்டம் சொல்ல, இன்னொன்று கையைக் கட்டியது. பாஸ்கரன் வழக்கில் (1999) ஒரு லட்ச ரூபாய்க் காசோலைக்கு ஆறு மாதச் சிறையும் லட்ச ரூபாய் அபராதமும் விதித்திருந்தது கேரள உயர் நீதிமன்றம். மாஜிஸ்திரேட் வரம்பைத் தாண்டிய அந்த அபராதம் உச்ச நீதிமன்றத்தில் நிற்கவில்லை. ஆனால், அதே நடைமுறைச் சட்டத்தின் 357(3) பிரிவின்படி இழப்பீடு வழங்க உச்சவரம்பே இல்லை என்று அந்தத் தீர்ப்பு சுட்டியது. அபராதம் அரசுக்கு, இழப்பீடு கடன் கொடுத்தவருக்கு. காசோலை வழக்கு பணம் வசூலிக்கும் கருவியாகத் திரும்பிய இடம் இதுவே என்பது என் கணிப்பு.

2002 திருத்தம் சிறையை இரண்டாண்டாக்கியது; சுருக்க விசாரணையில் ஐயாயிரத்தைத் தாண்டவும் வழிவிட்டது; சமரசத்துக்கும் இடம் தந்தது. அதே ஆண்டில் உச்ச நீதிமன்றத்தில் வெளியான சுகந்தி வழக்குத் தீர்ப்பு, தமிழ்நாட்டுக் கோர்ட் ஒன்று பெருந்தொகைக் காசோலைகளுக்குக் 'கோர்ட் கலையும் வரை' சிறையும் ஐயாயிரம் அபராதமும் கொடுத்ததைக் கண்டித்தது. கண்டிப்பு ஏட்டில் இருக்க, கோர்ட் கலையும் வரை உட்கார்ந்துவிட்டுப் பணம் கட்டும் தீர்ப்புகள் கேரளத்தில் இன்றும் சகஜம். இரு தரப்புக்கும் அது வசதி. விஜயன்–பேபி வழக்கு (2011) காசோலைத் தொகையோடு ஒன்பது சதவீத வட்டியையும் சேர்த்து வாங்கித் தரலாம் என்றது.

எந்த ஊர் என்ற கேள்விக்கு வருவோம். பாஸ்கரன் வழக்கு ஐந்து இடங்களை அனுமதித்தது. நோட்டீஸ் அனுப்பிய ஊரும் போதும். 2014 ஆகஸ்டில் தஷரத் ரூப்சிங் தீர்ப்பு அதை மாற்றி, காசோலை கொடுத்தவரின் வங்கி இருக்கும் ஊரே சரி என்றது. வண்டன்மேட்டுக்காரர் போடிமெட்டு மலைவழியே போடிக்கு இறங்க வேண்டியதாயிற்று. 2015 திருத்தம் அதையும் திருப்பியது: பணம் வரவேண்டியவர் கணக்கு வைத்திருக்கும் கிளை எங்கோ அங்கேதான் வழக்கு. எதிரி வெளியூர்க்காரரானால் சம்மன் அனுப்புமுன் மாஜிஸ்திரேட் விசாரித்தே ஆகவேண்டும் என்று 2021இல் அரசியல் சாசன அமர்வு உறுதிசெய்தது.

சிறை விலகிப் பணம் முன்னே வந்ததை மென்மை என்று சொல்லத் தயங்குகிறேன். கேரளத்தின் சதானந்தன் வழக்கு (2009), இழப்பீட்டைக் கட்டத் தவறினால் சிறை என்று சேர்த்தே உத்தரவிடலாம் என்றது. பணமுள்ளவருக்கு ஒரு பகல், இல்லாதவருக்கு மாதங்கள். அந்த இல்லாதவர் சிக்கும் விதத்துக்கு ஓர் உதாரணம்: 2014 மேயில் கந்துவட்டிக்காரர்கள் மீது கேரளப் போலீஸ் தொடங்கிய 'ஆபரேஷன் குபேரா'வில் தொகை எழுதாத, கையெழுத்திட்ட காசோலைகள் பிடிபட்டன. அப்படிப்பட்ட காசோலையைக் கையெழுத்திட்டவர் தானே விரும்பிக் கொடுத்திருந்தால், வாங்கியவர் தொகையை நிரப்பினாலும் கடனுக்கானது என்ற அனுமானம் பொருந்தும் என்கிறது 2019 பீர் சிங் தீர்ப்பு. பொய் என்று காட்டும் பொறுப்பு கையெழுத்திட்டவர் தலையில்.

2018 செப்டம்பர் முதல் வழக்கு நடக்கும்போதே இருபது சதவீதம் வரை இடைக்கால இழப்பீடு கேட்கலாம். மேல்முறையீட்டில் குறைந்தது இருபது சதவீதம் கட்டச் சொல்லலாம். இடைக்கால இழப்பீடு கட்டாயமல்ல, எதிரியின் பண நெருக்கடியையும் மாஜிஸ்திரேட் பார்க்கலாம் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது 2024இல்தான். மாஜிஸ்திரேட்டின் அபராத வரம்பும் 2024 ஜூலையில் வந்த புதிய நடைமுறைச் சட்டத்தில் ஐம்பதாயிரமாக உயர்ந்துவிட்டது.