காசில்லாமல் வந்த விளையாட்டு

ஐ.பி.எம். வகைக் கணினி நச்சுநிரலின் வரலாறு களவுப் பிரதியோடு பிணைந்தே தொடங்குகின்றது. 1986ஆம் ஆண்டில், பாக்கிஸ்தானின் லாகூர் நகரிற் கணினிக் கடை நடத்திய அல்வி சகோதரர் இருவர், தாம் ஆக்கிய மருத்துவ மென்பொருளைப் பிறர் விலை கொடாது படியெடுப்பது கண்டு, அதனைத் தடுக்கவெனச் சிறு நிரலொன்றை எழுதினர். ‘பிரெயின்’ எனப்பட்ட அந்நிரல் நெகிழ்தட்டுகளில் ஏறி அமெரிக்கா வரை பரவிற்று. ஐ.பி.எம். வகைக் கணினிகளைப் பற்றிய முதல் நச்சுநிரல் இதுவே என்பர். ஆயினும் அதில் ஒரு நேர்மை இருந்தது. ஆக்கியோர் தம் பெயரையும் முகவரியையும் தொலைபேசி எண்களையும் அதனுள்ளேயே பொறித்திருந்தனர்.

வன்னிக்கு இவ்விடயங்கள் காலந்தாழ்த்தியே வந்தன. 2009இற் போர் முடிந்த பின்னரே கிளிநொச்சி, முல்லைத்தீவுக் கிராமங்களை மின்சாரமும் இணையமும் படிப்படியாக எட்டின. 2020இற் கொள்ளைநோய் பாடசாலைகளை மூடியபோது, கடன்பட்டேனும் பிள்ளைக்குக் கணினி வாங்கிய பெற்றோர் உளர். பாடத்துக்கென வந்த கணினியிற் பிள்ளைகள் விளையாட்டையும் தேடினர். தேடாதிருந்தால் அவர்கள் பிள்ளைகளல்லர்!

60 கிகாபைற் அளவான விளையாட்டை 30 ஆகச் சுருக்கி இலவசமாகத் தருகிறோம் என்றால், இணையத் தரவுக்கு எண்ணிக் காசு கொடுக்கும் வீட்டில் அது பெரும் பேறாகவே தோன்றும். சுருக்குதல் குற்றமன்று, அது நல்லதொரு கணிதக் கலை. பொதி கட்டியவர் யாரென்று அறியோம் என்பதே இடர். பொதியை விரிக்க மணிக்கணக்காகலாம். அவ்வேளை கணினி சூடேறி இரைவது இயல்பு. களவாக நுழைந்த நிரல் வேலைசெய்யினும் அதே இரைச்சல்தான். நெல்லோடு நெல்லாய் நிற்கும் கோழிச்சூடனைக் கதிர் வருமுன் பிரித்தறிவது கமக்காரனுக்கே கடினமன்றோ? போதாக்குறைக்கு, காவல் மென்பொருளை நிறுத்திவிட்டு நிறுவுக என்ற அறிவுறுத்தலும் சில பொதிகளோடு வருகின்றது.

2021 யூனில் அவாஸ்ட் நிறுவனம் வெளிப்படுத்திய ‘கிரக்கொனோஷ்’ என்னும் நிரல் இவ்வாறான களவு விளையாட்டுகளுள் ஒளிந்திருந்தது. அது காவல் மென்பொருளைத் தானே அழித்து, 222,000இற்கு மேற்பட்ட கணினிகளை மறைவாக உழைக்கச் செய்து, 2018 முதல் 20 இலட்சம் டொலருக்கு மேற்பட்ட மறைநாணயத்தைத் தன் எசமானருக்கு ஈட்டியது. 2024இல் வேறொரு கூட்டத்தார், நஞ்சூட்டிய பொதிகளைச் செப்டெம்பரிலேயே இணையத்தில் வைத்துவிட்டு, டிசெம்பர் 31 வரை காத்திருந்தனர். பண்டிகை விடுமுறையில் யார் கவனிப்பார் என்ற கணக்குப் போலும்.

இங்கே ஒரு வீட்டுக்கு ஒரு கணினி. தந்தையின் அடையாள அட்டைப் பிரதி, தாயின் வங்கிக் கடவுச்சொல், மூத்தவளின் பல்கலைக்கழக விண்ணப்பம் யாவும் அதிலேயே கிடக்கின்றன. 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் கணினி நிரலுக்கும் காப்பளிப்பதால், முறையிடச் செல்வோர் தாம் களவுப் பிரதி எடுத்ததையும் சேர்த்தே சொல்லவேண்டியிருக்கும். ஆதலால் மகன் தந்தையிடம் சொல்வதில்லை. கணினி பழசாகிவிட்டது என்று தந்தையும் நம்பிவிடுகின்றார்.