கோப்பி அழிந்த கதையும் ஒரு மாணவியின் கேள்வியும்

ஹட்டனுக்கு அண்மையிலுள்ள பாடசாலையொன்றில் விஞ்ஞானம் கற்பித்த காலத்தில், ஒருநாள் 'இசைவாக்கம்' என்ற பாடத்தை நடத்திக்கொண்டிருந்தேன். பாலைவனத்துக்கு ஒட்டகம், பனிப்பிரதேசத்துக்குத் துருவக்கரடி என்று வழக்கமான உதாரணங்களைச் சொன்ன பிறகு, பிள்ளைகளுக்கு நெருக்கமாக இருக்கட்டுமே என்று, "உங்கள் முன்னோரும் வெயில் காயும் ஊர்களிலிருந்து வந்து இந்தக் குளிருக்கு இசைவாக்கம் அடைந்தவர்கள்தான்" என்றேன். பின்வரிசையிலிருந்த மாணவியொருத்தி எழுந்தாள்.

"இசைவாக்கம் அடைஞ்சாங்களா சேர், இல்ல திரும்பிப் போக வழியில்லாம இருந்தாங்களா?"

அன்று என்னிடம் பதில் இருக்கவில்லை. அதைத் தேடிப் போனபோதுதான் கோப்பியின் வரலாற்றுக்குள் நுழைந்தேன்.

கோப்பி நமக்கு அந்நியமானதல்ல. 15ஆம் நூற்றாண்டில் யெமன் நாட்டு சூபிகள் இரவு திக்ருக்கு விழித்திருப்பதற்காக அருந்திய பானம் அது. 'கஹ்வா' என்ற அறபுச் சொல்லின் வழி வந்ததே கோப்பி என்ற பெயர். செடியின் பூர்வீகம் எத்தியோப்பியக் காடு. ஆனால் உலகத் தோட்டங்களிலுள்ள அறபிக்காக் கோப்பியில் பெரும்பகுதி, யெமனிலிருந்து வெளியே போன சொற்ப விதைகளின் சந்ததி. போதாக்குறைக்கு அறபிக்கா தன் மகரந்தத்தாலேயே காய்ப்பது. எனவே பிள்ளைச்செடி தாய்ச்செடியின் அச்சாகவே இருக்கும். சுவைக்கு இது நல்லது. உயிர் பிழைப்பதற்கு நல்லதல்ல என்பதை நமது மலைகள்தான் உலகுக்குக் காட்டின.

பிரித்தானியத் தோட்டக்காரர்கள் மலைநாட்டுக் காடுகளை வெட்டிச் சாய்த்துக் கோப்பி நட்டார்கள். 1870களின் இறுதியில் அதன் பரப்பு இரண்டரை இலட்சம் ஏக்கரைத் தாண்டியது. மலைக்கு மலை ஒரே பயிர். அதற்கு முன்பே, 1869இல், மடுல்சீமைப் பகுதியில் கோப்பி இலையின் அடிப்புறத்தில் செம்மஞ்சள் தூள் காணப்பட்டிருந்தது. பேராதனைத் தாவரவியல் பூங்காவின் பணிப்பாளர் துவைட்ஸ் நோயுற்ற இலைகளை இங்கிலாந்துக்கு அனுப்பினார். அங்கே பங்கசு ஆய்வாளர் பேர்க்லி அந்தப் பங்கசுக்கு 'ஹெமிலேயா வஸ்டட்ரிக்ஸ்' என்று பெயரிட்டார். பெயரின் பின்பாதிக்கு 'நாசகாரி' என்று பொருள். அந்தப் பெயரை அது பொய்யாக்கவில்லை.

மண் களைத்துவிட்டது என்றார்கள் சிலர். காலநிலை கெட்டுவிட்டது என்றார்கள் வேறு சிலர். பசளை போட்டார்கள், சுண்ணாம்பும் கந்தகமும் தூவினார்கள். 1880இல் ஹரி மார்ஷல் வார்ட் என்ற இளம் தாவரவியலாளர் இலங்கைக்கு அனுப்பப்பட்டார். அப்போது அவர் இருபதுகளின் நடுவயதில் இருந்தார். இரண்டு ஆண்டுகள் இங்கு தங்கி அவர் செய்தவை எளிய பரிசோதனைகள். கிளிசரின் பூசிய கண்ணாடித் தகடுகளைக் கோப்பிச் செடிகளுக்கிடையே தொங்கவிட்டார். காற்றில் வந்த வித்திகள் அவற்றில் ஒட்டின. நோய் காற்றில் பரவுகிறது என்பதற்கு அதுவே சான்றாயிற்று. வித்திகளை இலையின் மீது நீர்த்துளியில் இட்டுக் காத்திருந்தார். ஈரம் இருந்தால் மட்டுமே அவை முளைத்தன. முளைத்த குழாய் இலைவாய் வழியாக உள்ளே புகுந்தது. சில வாரங்களில் அதே செம்மஞ்சள் புள்ளி தோன்றியது. மண்ணையும் காலநிலையையும் குற்றம் சொன்னவர்களுக்கு இலையே பதில் சொல்லிவிட்டது.

பங்கசு உள்ளே புகுந்த பிறகு வெளியே தூவும் மருந்தால் பயனில்லை என்றும் வார்ட் சொன்னார். இடைவெளியின்றி ஒரே பயிரை நட்டதால் வித்திக்கு ஓயாத விருந்து கிடைத்தது என்பதையும் சுட்டிக்காட்டினார். மருந்துக்குக் காத்திருந்த துரைமாருக்கு இவை இனிக்கவில்லை.

இங்கேதான் இசைவாக்கம் என்பதன் உண்மையான பொருள் எனக்குப் புலப்பட்டது. சூழல் மாறும்போது ஒரு தனி உயிர் பிரயத்தனப்பட்டுத் தன்னை மாற்றிக்கொள்வதல்ல அது. கூட்டத்தில் ஏற்கெனவே வேற்றுமைகள் இருக்க வேண்டும். தாங்கக்கூடியவை தப்பும், மற்றவை மடியும். தப்பியவற்றின் பிள்ளைகள் பெருகும். வேற்றுமையற்ற கூட்டத்தில் ஒன்றைக் கொல்லக்கூடியது எல்லாவற்றையும் கொல்லும். மொழிகளும் நிறங்களும் வேறுபட்டிருப்பதை அல்லாஹ்வின் அத்தாட்சியாகக் கருதும் நமக்கு இது விளங்கக் கடினமானதல்ல.

கோப்பி போன இடத்தில் தேயிலை வந்தது. லூல்கந்துரவில் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் அதைத் தொடங்கியது 1867இல். தேயிலை கோப்பிக்கு நேர்மாறு. தன் மகரந்தத்தை அநேகமாக ஏற்காது. விதையிலிருந்து வளர்ந்த தேயிலை மலையில் ஒரு செடி போல் இன்னொரு செடி இராது. 1946இல் கொப்புள நோய் இலங்கைக்கு வந்தபோது தேயிலை அழியாமல் தப்பியதற்குச் செப்பு மருந்தும், கவ்வாத்துக் காலத்தைக் கவனித்ததும் உதவின. கோப்பியிடம் இல்லாத அந்த வேற்றுமையும் தேயிலையிடம் இருந்தது.

1925இல் தொடங்கப்பட்ட தேயிலை ஆராய்ச்சி நிலையம், பின்னர் தலவாக்கலை சென். கூம்ஸ் தோட்டத்தில் நிலைகொண்டது. நல்ல தாய்ச்செடிகளைத் தெரிந்து, தண்டுத் துண்டுகளிலிருந்து கன்றுகளை வளர்க்கும் முறை அங்கு வளர்ந்தது. டி.ஆர்.ஐ. 2025 போன்ற 'வீ.பி.' தேயிலைகள் அப்படி வந்தவை. விளைச்சல் கூடியது உண்மை. ஆனால் விதைச்செடியின் ஆணிவேர் அவற்றுக்கு இல்லை. வரட்சி வந்தால் முதலில் வாடுவதும் அவற்றில் பல வகைகளே. ஒரே வகையால் மலையை நிரப்பினால் கோப்பிக்காலத்துத் தவறு மீண்டும் வரும். பல வகைகளைக் கலந்து நடுவதும், கையிலிருக்கும் பழைய விதைத் தேயிலையை முற்றாகப் பிடுங்கிவிடாமல் காப்பதும் அதனால்தான் அவசியம்.

இனி மாணவியின் கேள்விக்கு வருகிறேன். கோப்பிக்கு அறுவடை மாதங்களில்தான் ஆள் பெருமளவு தேவைப்பட்டது. தமிழகத்திலிருந்து மன்னார் வழியாகக் காட்டுப்பாதையில் நடந்து வந்தவர்களில் பெரும்பாலோர் பருவம் முடிய ஊர் திரும்பினர். வழியிலேயே மடிந்தோரும் ஏராளம். தேயிலைக்கோ ஆண்டு முழுவதும் கொழுந்தெடுக்க வேண்டும். எனவே குடும்பங்கள் லயங்களில் நிலைத்தன. ஒரு பங்கசு பயிரை மாற்றியது. பயிர் மாறியதால் மனிதரின் குடியிருப்பும் மாறியது. கண்ணுக்குத் தெரியாத வித்தி செய்த வேலை அவ்வளவுதான். ஒற்றை அறை லயத்தைக் கட்டியது வித்தியல்ல. 1948இல் குடியுரிமையைப் பறித்ததும் வித்தியல்ல. அவை மனிதர் எடுத்த முடிவுகள்.

ஆகவே, மகளே, நான் சொன்னது பிழை. செடி தாங்குவதற்கு விஞ்ஞானம் காரணம் சொல்லும். மனிதரைத் தாங்க வைத்தவர்கள் அந்தச் சொல்லுக்குப் பின்னால் ஒளிந்துகொள்ளக் கூடாது. உன் கேள்வியைப் பாடப்புத்தகத்தின் ஓரத்தில் அன்றே எழுதி வைத்தேன். அடுத்த வருடத்திலிருந்து அந்தப் பாடத்தை ஒட்டகத்தில் அல்ல, கோப்பி இலையில்தான் தொடங்கினேன்.