ஒரே பெட்டி, இரண்டு கோளாறு

கேமை டபுள் கிளிக் செய்ததும் எழும் அந்தச் சின்னப் பெட்டியில் வாசகம் எப்போதும் ஒன்றுதான்: இன்ன டிஎல்எல் கோப்பு இல்லை, மறுபடி இன்ஸ்டால் செய்து பாருங்கள். அழித்துவிட்டுப் போட்டாலும் பெரும்பாலும் அதே பெட்டிதான் வரும். பார்க்க வேண்டியது கோப்பின் பெயரை. அடிக்கடி தென்படுபவை இரண்டு: டி3டிஎக்ஸ்9_43, எம்எஸ்விசிபி140.

முதலாவது பழைய கேம்களின் வியாதி. "டைரக்ட்எக்ஸ் 12 இருக்கிறதே, 9 எதற்கு?" நியாயமான கேள்விதான். 9-இன் அடிப்படைப் பகுதி விண்டோஸ் 11-லும் இருக்கிறது. ஆனால் டி3டிஎக்ஸ், கேம் எழுதுபவர்களின் வசதிக்காக மைக்ரோசாஃப்ட் தனியே கொடுத்த துணை நூலகம், விண்டோஸோடு வராது. 24 முதல் 43 வரை எண்கள். 41-ஐக் கேட்கும் கேமுக்கு 43 இருந்தும் பயனில்லை. எல்லாம் 2010 ஜூன் மாத டைரக்ட்எக்ஸ் தொகுப்பில் இருக்கின்றன. அதில் ஒரு கண்ணி. ஓட்டினால், எந்த ஃபோல்டரில் பிரித்துப் போட என்று கேட்கும். போட்டுவிட்டுச் சத்தமில்லாமல் மூடிக்கொள்ளும். வேலை முடிந்தது என்று பலர் எழுந்துவிடுகிறார்கள். அந்த ஃபோல்டருக்குள் போய் டிஎக்ஸ்செட்டப்பை ஓட்டினால்தான் இன்ஸ்டாலே தொடங்கும்.

இரண்டாவதில் கணக்கு தலைகீழ். அந்தக் கோப்பு வரும் விஷுவல் சி++ தொகுப்பில் 2015, 2017, 2019, 2022 எல்லாவற்றுக்கும் எண் 140தான். புதியதைப் போட்டால் பழையதற்கும் சேர்த்துப் போதும். பழையது மட்டும் இருந்தால் போதாது: விசிரன்டைம்140_1 என்ற கோப்பு 2019-உடன்தான் வந்தது. (2010-இன் 100-ம் 2013-இன் 120-ம் இந்தக் கணக்கில் சேராது, தனித்தனியே வேண்டும்.) 64 பிட் விண்டோஸிலும் 32 பிட் கேமுக்கு 32 பிட் தொகுப்புதான் என்பதால், இரண்டையும் போட்டுவிடுவதே என் வழக்கம்.

ஏதோ ஒரு தளத்திலிருந்து அந்த ஒற்றைக் கோப்பை மட்டும் இறக்கி ஒட்டுகிறவர்கள் உண்டு. டி3டிஎக்ஸில் கேம் ஓடிவிடவும் கூடும். கூடவே வைரஸ் வந்ததா என்பது வேறு கதை. 140-இல் ஒன்றை வைத்தால் அடுத்ததைக் கேட்கும். ஒட்டும் இடத்திலும் குழப்பம்: 64 பிட் விண்டோஸில் 64 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்டம்32 ஃபோல்டரில், 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64-இல். பெயர் வைத்தவரைத்தான் கேட்க வேண்டும். பிட் மாறிப்போனால் 0எக்ஸ்சி000007பி என்று இன்னொரு பெட்டி வரும். அதில் கோப்பின் பெயர்கூட இருக்காது.